ராமசாமி சிசிலியன்: மண்ணுக்குள் வாழும் காலில்லா இருவாழ்வியைத் தேடிக் காணும் முறை

செங்கோட்டையிலிருந்து கணவாயைக் கடந்து மேற்கே இறங்கினால் கேரளத்தின் தென்மலைக் காடு வந்துவிடும். அங்கிருந்து கிடைத்த மாதிரிகளைக் கொண்டு அமெரிக்க விலங்கியலாளர் எட்வர்ட் டெய்லர் 1964ஆம் ஆண்டு ஒரு புதிய உயிரினத்தை விவரித்து, அதற்குக் கெகெனியோஃபிஸ் ராமசாமியி என்று பெயரிட்டார். அந்தப் பெயர், இதே பேரினத்தின் மண்டையோட்டு அமைப்பை 1940களில் நுணுக்கமாக ஆராய்ந்த இந்திய விலங்கியலாளர் எல். எஸ். ராமசாமியைக் குறிக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலையின் தென்கோடியை விட்டு வேறெங்கும் இந்த உயிரி இல்லை. கமுகந்தோப்பிலும் ரப்பர்த் தோட்டத்திலும் வாழையடியிலும் இது வாழ்ந்துகொண்டிருந்தாலும், அந்த மண்ணை ஆண்டுதோறும் கொத்துகிறவர்களில் பெரும்பாலோர் இதை மண்புழு என்றோ பாம்புக்குட்டி என்றோ எண்ணிக் கடந்துவிடுகிறார்கள். பாம்பு என்று எண்ணுகிறவர்கள் அடித்தும் விடுகிறார்கள். இதைத் தேடுவது எப்படி, கண்டால் உறுதிப்படுத்துவது எப்படி, பயனுள்ள பதிவாக மாற்றுவது எப்படி என்பதை இந்த வழிகாட்டி விளக்குகிறது. மண்ணைக் கலைத்துத் தேடும் ஒருவர் அந்த மண்ணையும் உயிரியையும் முன்பிருந்த நிலையிலேயே விட்டுவர வேண்டும் என்பதே இதிலுள்ள எல்லா அறிவுரைகளுக்கும் அடிப்படை.

தேடப் போகுமுன் இந்த உயிரி எத்தகையது என்பதை அறிந்துகொள்வது அவசியம். இருவாழ்விகளில் தவளைகள், தேரைகள் ஒரு பிரிவு. சாலமண்டர்கள் இன்னொரு பிரிவு. சிசிலியன்கள் மூன்றாவது பிரிவு. உலகெங்கும் சுமார் 220 சிசிலியன் இனங்கள் இதுவரை அறியப்பட்டுள்ளன. அவை ஆசியா, ஆப்பிரிக்கா, அமெரிக்கக் கண்டங்களின் வெப்பமண்டல ஈரநிலங்களில் வாழ்கின்றன. ராமசாமி சிசிலியனின் நெருங்கிய உறவினங்கள் இந்தியாவுக்கு வெளியே இந்தியப் பெருங்கடலின் செஷல்ஸ் தீவுகளில்தான் உள்ளன. இந்தியாவும் செஷல்ஸும் ஒரே நிலத்துண்டாக இருந்து, ஏறத்தாழ 6.5 கோடி ஆண்டுகளுக்கு முன் பிரிந்தவை என்பதை நினைத்தால், நம் மண்வெட்டிக்கு அடியில் நெளிகிற இந்தச் சிறிய உயிரியின் குலம் எத்தனை பழையது என்பது விளங்கும். கடல்நீரைக் கடக்க முடியாத, மண்ணை விட்டு நகராத ஓர் உயிரினக் குடும்பம் கடலின் இரு கரைகளிலும் இருப்பதற்கு அந்த நிலப்பிரிவே காரணமாகக் கருதப்படுகிறது.

மண்டையோட்டு எலும்புகள் இறுகிப் பிணைந்திருப்பதால், இதன் தலை மண்ணைத் துளைக்கும் கருவியாகவே வேலை செய்கிறது. கண்கள் எலும்புக்கு அடியில் மறைந்திருப்பதால் வெளியிலிருந்து தெரிவதில்லை. கண் செய்ய வேண்டிய வேலையில் பெரும்பகுதியை, முகத்தின் இருபுறமும் உள்ள சிறிய துளைகளிலிருந்து வெளிவந்து உள்வாங்கும் உணர்நீட்சி செய்கிறது. மண்ணிலுள்ள வேதிப்பொருட்களின் தடயத்தை மோப்ப உறுப்புக்குக் கொண்டு சேர்க்கும் இந்த அமைப்பு, முதுகெலும்பு உள்ள விலங்குகளில் சிசிலியன்களுக்கு மட்டுமே உரியது. உணவு பெரும்பாலும் மண்புழுவும் கறையானும். சுவாசத்தில் நுரையீரலோடு தோலும் பங்கு கொள்கிறது. தோல் உலர்ந்தால் உயிரி இறந்துவிடும். தேடும் பருவம், கையாளும் முறை, திரும்ப விடும் முறை ஆகிய அனைத்தையும் இந்த ஒரு செய்தியே தீர்மானிக்கிறது.

எப்போது, எங்கே தேடுவது

கோடையில் மண் இறுகிக் காய்ந்திருக்கும்போது தேடுவதில் பயனில்லை. உயிரி ஈரத்தைப் பின்தொடர்ந்து ஆழத்துக்குப் போய்விடும். தென்மேற்குப் பருவமழை பிடித்து மண் சில வாரங்கள் நனைந்த பிறகும், வடகிழக்குப் பருவமழை மாதங்களிலும் இது மேல்மண்ணில், அதாவது ஓர் அடிக்குட்பட்ட ஆழத்தில் கிடைக்கும். கொட்டும் மழையின் நடுவே தோண்ட வேண்டாம். குழியில் நீர் தேங்கி எதுவும் தெரியாது என்பதோடு, கிளறிய மேல்மண் சரிவில் அரித்துப் போகும். மழை விட்ட மறுநாள் காலைதான் நல்ல நேரம்.

இடத்தைத் தேர்வதில் மண்ணைப் படிக்கத் தெரிய வேண்டும். கையில் எடுத்துப் பிசைந்தால் உருண்டை பிடித்து, விரலால் அழுத்தினால் உதிர்கிற, மக்கு நிறைந்த கருமையான மண் ஏற்றது. வெறும் மணலும், பாறைபோல் இறுகிய களிமண்ணும், சேறும் ஏற்றவை அல்ல. மண்புழு எச்சம் நிறைந்திருக்கும் இடம், கறையான் நடமாட்டம் உள்ள மக்கிய மரக்கட்டையின் அடி, பாக்கு மட்டையும் வாழைச் சருகும் குவிந்து மக்கும் மூலை, பழைய எருக்குழியின் ஓரம், நிழல் விழும் கல்வரப்பின் அடி ஆகியவற்றை முதலில் பாருங்கள். காட்டில்தான் அபூர்வ உயிரி இருக்கும் என்று எண்ணித் தோட்டங்களை ஒதுக்கிவிடக் கூடாது. இந்த நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் தென்கேரளத்தின் விளைநிலங்களில் ஆய்வாளர்கள் முறையாகத் தோண்டிப் பார்த்தபோது, அதுவரை அரிதென்று கருதப்பட்ட ராமசாமி சிசிலியன் எதிர்பாராத அளவுக்கு நிறைந்திருப்பதைக் கண்டார்கள். கண்ணில் படாத காரணத்தால் மட்டுமே அரியதென்று பெயர் பெறும் உயிரிகள் உண்டு என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியவில்லை.

ஓடைக்கரையை மட்டும் நம்பித் தேடுவதும் சரியன்று. நம் மலைகளில் வாழும் இக்தியோஃபிஸ் வகைச் சிசிலியன்களின் இளம்பருவம் நீரில் கழிவதால், அவற்றை நீரோட்டத்துக்கு அருகில் தேடுவது பொருத்தமானது. கெகெனியோஃபிஸ் வகைக்கு அப்படிப்பட்ட நீர்வாழ் பருவம் அறியப்படவில்லை. எனவே ஓடையிலிருந்து விலகிய சரிவிலும் மேட்டுத் தோட்டத்திலும் அதைத் தேடலாம்.

தோண்டுவதற்கு முன் உரிமையையும் அனுமதியையும் உறுதிசெய்துகொள்ளுங்கள். சொந்தத் தோட்டத்தில் உழவு வேலையின்போது கண்ணில் படுவதைப் பார்ப்பது வேறு. காப்புக்காட்டிலோ சரணாலயத்திலோ கட்டையைப் புரட்டுவதும் மண்ணைத் தோண்டுவதும் வேறு. பின்னதற்கு வனத்துறையின் எழுத்துவழி அனுமதி இல்லாமல் இறங்கக் கூடாது. பிறர் தோட்டமாயின் உரிமையாளரின் இசைவு வேண்டும். அவரையும் உடன் அழைத்துக்கொண்டால் இன்னும் நல்லது. அவருடைய மண்ணில் எது எங்கே தென்பட்டது என்பதை அவரைவிட அறிந்தவர் யாருமில்லை.

தோண்டும் முறை

இந்த வேலையில் உயிரிக்கு நேரும் பெரிய ஆபத்து மண்வெட்டியின் வெட்டுதான். ஓங்கிக் கொத்தினால் உள்ளே இருப்பது இரண்டாகிவிடும். மண்புழுவைப் போல அது மீளாது, முதுகெலும்பு உள்ள விலங்கு அது. ஆகவே ஓங்காமல், மண்வெட்டியைச் சாய்வாக நுழைத்து, மண்ணை ஒரு பெரிய கட்டியாகப் பெயர்த்தெடுத்து, அந்தக் கட்டியைக் கையால் பிட்டு உதிர்த்துப் பார்க்க வேண்டும். முதலில் ஒரு பக்கமாகச் சிறிய பள்ளம் எடுத்துக்கொண்டு, அதன் சுவரிலிருந்து மண்ணைத் தன்பக்கம் சரித்துக்கொண்டே போவது, மேலிருந்து கீழே கொத்துவதைவிடப் பாதுகாப்பானது. வேர்கள் அடர்ந்த இடத்தில் களைக்கொத்தியும் கையுமே போதும். பெயர்த்த மண்ணை ஒரு சாக்கின் மீதோ தார்ப்பாயின் மீதோ போட்டுவந்தால், உதிரும்போது உயிரி தப்பாது. பிறகு மண்ணை முழுவதுமாகத் திருப்பிப் போடவும் எளிதாக இருக்கும்.

எங்கெங்கோ கிளறுவதைவிட, ஒரு மீட்டர் நீளமும் ஒரு மீட்டர் அகலமும் கொண்ட சதுரத்தைக் கயிற்றால் குறித்துக்கொண்டு, அதை மட்டும் ஓர் அடி ஆழம் வரை முழுமையாகப் பார்ப்பது மேலானது. தோண்டும் பரப்பு அளவாக இருக்கும் என்பது ஒரு பயன். ஒன்றுமே கிடைக்காவிட்டாலும் அது ஒரு பதிவாகும் என்பது அதைவிடப் பெரிய பயன். இத்தனை சதுர மீட்டரில் இத்தனை உயிரிகள் என்று சொல்ல முடிந்தால்தான் ஓர் ஆண்டை இன்னோர் ஆண்டோடும், ரப்பர்த் தோட்டத்தைக் காட்டோடும் ஒப்பிட முடியும். கிடைக்கும் என்று தோன்றும் இடத்தை மட்டும் தேர்ந்து தோண்டியவர் தரும் எண்ணிக்கையை வைத்து அப்படி ஒப்பிட இயலாது. ஆகவே எண்ணிக்கை நோக்கமாயின், சதுரங்களின் இடங்களைச் சீட்டுக் குலுக்கியாவது முன்கூட்டியே முடிவு செய்துகொள்ளுங்கள்.

கல்லையும் கட்டையையும் புரட்டும்போது, உங்களுக்கு எதிர்ப்புறமுள்ள விளிம்பைப் பிடித்து உங்களை நோக்கித் தூக்குங்கள். அடியில் குழிவிரியனோ தேளோ இருந்தால் அதற்கும் உங்களுக்கும் இடையில் கல் இருக்கும். பார்த்து முடித்ததும் அதே பள்ளத்தில், அதே பக்கம் கீழே இருக்கும்படி வைக்க வேண்டும். அடியில் சேர்ந்திருந்த ஈரமும் புழுபூச்சிகளும் சிசிலியனின் வீடும் உணவும் ஆகும். புரட்டிப் போட்டு வந்த ஒரு கட்டை அடுத்த வெயிலிலேயே உலர்ந்து பயனற்றுப் போகும்.

ஓரிடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போகும்போது காலணியிலும் மண்வெட்டியிலும் ஒட்டிய மண்ணைத் தேய்த்துக் கழுவி, வெயிலில் நன்கு உலர்த்துங்கள். உலகெங்கும் தவளைகளை அழித்துவரும் கைட்ரிட் பூஞ்சை சிசிலியன்களிடமும் கண்டறியப்பட்டுள்ளது. ஈரமண்ணோடு அதை ஒரு மலையிலிருந்து இன்னொரு மலைக்குச் சுமந்து செல்பவர்களாக நாம் ஆகிவிடக் கூடாது.

கண்டது சிசிலியன்தானா

முதலில் மண்புழுவிலிருந்து பிரித்தறிய வேண்டும். இரண்டிலும் உடல் வளையங்கள் இருப்பதால் குழப்பம் இயல்பே. மண்புழு நீண்டும் சுருங்கியும் நகரும், தொட்டால் மென்மையாகத் தளரும், முதிர்ந்த மண்புழுவின் உடலில் ஓரிடத்தில் தடித்த பட்டை தெரியும், தாடை கிடையாது. சிசிலியனைத் தொட்டால் உள்ளே எலும்பும் திண்ணிய தசையும் இருப்பது உடனே புலப்படும். பக்கவாட்டில் வளைந்து வளைந்து, வழுவழுப்பாகக் கையை விட்டு நழுவும். தலையைப் பக்கவாட்டில் பார்த்தால் வாயின் கோடும், முனைக்கு அருகில் நாசித்துளையும் தெரியும். தடித்த பட்டை இருக்காது.

அடுத்து, பாம்புகளோடு குழப்பம். பூந்தொட்டியில்கூட வாழும் சிறிய புழுப்பாம்பின் உடலில் பளபளக்கும் செதில்கள் இருக்கும், தோல் உலர்ந்திருக்கும், கண்கள் இரு கரும்புள்ளிகளாகத் தெரியும், பிளவுபட்ட நாக்கு அடிக்கடி வெளியே வரும். மலைமண்ணில் வாழும் கேடயவால் பாம்புகளுக்கும் உலர்ந்த செதிலுடல்தான். அவற்றில் பலவற்றின் வால்முனை வெட்டிவிட்டதுபோல் மொட்டையாகவும் சொரசொரப்பாகவும் இருக்கும். சிசிலியனின் உடல் எப்போதும் ஈரமாக இருக்கும், வெளியே செதில் தெரியாது, நாக்கை நீட்டாது. மழைக்காலத்தில் தரைமேல் ஊரும் தட்டைப்புழுவையும் சிலர் சிசிலியன் என்று படமெடுத்து அனுப்புகிறார்கள். தட்டைப்புழுவின் தலை விசிறிபோல் விரிந்திருக்கும், உடலில் வளையங்களே இருக்காது.

சிசிலியன் என்று உறுதியான பிறகு, நம் மலைகளிலுள்ள மூன்று முக்கியமான வகைகளில் எது என்று பார்க்க வேண்டும். இதற்குத் தலையே திறவுகோல். இக்தியோஃபிஸ் வகையில் கண் தோலுக்கு அடியில் கரும்புள்ளியாகத் தெரியும். உணர்நீட்சியின் துளை கண்ணுக்கும் நாசிக்கும் இடையில், கண்ணுக்கு அருகில், உதட்டை ஒட்டி இருக்கும். பல இனங்களில் உடலின் இருபுறமும் மஞ்சள் பட்டை ஓடும். வளையங்கள் மிக நெருக்கமாக, 200க்கும் மேல் இருக்கும். பின்முனையில் சிறிய வால் உண்டு. யூரியோடிஃப்ளஸ் வகை மேற்குத் தொடர்ச்சி மலைக்கே உரியது. அதில் உணர்நீட்சித் துளை நாசிக்கு நேர் கீழே, முகத்தின் முன்முனையில் இருக்கும். வாய் முகத்தின் அடிப்பக்கமாகப் பின்தள்ளி அமைந்திருக்கும். குட்டையான வால் உண்டு. கெகெனியோஃபிஸ் வகையில் கண் தெரியவே தெரியாது, வால் கிடையாது, உடல் மழுங்கலாக முடியும், முன்பாதியில் வளையங்கள் அகலமாகவும், பின்முனையை நெருங்க நெருங்க இடையில் கூடுதல் வளையக் கோடுகளோடும் இருக்கும், மஞ்சள் பட்டை இருக்காது.

தென்மலையைச் சுற்றிய பகுதியில் கண்ணில்லாத, வாலில்லாத சிசிலியன் கிடைத்தால் அது ராமசாமி சிசிலியனாக இருக்க வாய்ப்பு அதிகம். ஆனால் இதே பேரினத்தைச் சேர்ந்த வேறு இனங்கள் மேற்குத் தொடர்ச்சி மலையில் உள்ளன. வளையங்களின் எண்ணிக்கை, பல்வரிசை ஆகியவற்றைக் கொண்டே அவை பிரித்தறியப்படுகின்றன. எனவே உங்கள் பதிவில் பேரினத்தின் பெயரை உறுதியாகவும், இனத்தின் பெயரை உத்தேசமாகவும் குறிப்பதே நேர்மையானது.

கையாளுதலும் படம் எடுத்தலும்

கூடிய வரையில் தொடாமல் பார்ப்பதே சிறந்தது. தொட வேண்டியிருந்தால், கையில் சோப்பு, கொசு விரட்டித் தைலம், உரத்தூள், உப்பு எதுவும் இல்லாமல் வெறும் நீரில் கழுவி, ஈரக் கையோடு மண்ணையும் சேர்த்து அள்ளுங்கள். இடுக்கியால் பிடிப்பதும் விரலால் நெரித்துப் பிடிப்பதும் கூடாது. சிசிலியன்களின் தோல் சுரப்பிகளில் தற்காப்புக்கான நச்சுப்பொருள் உண்டு. அது மனிதரைக் கொல்லும் நஞ்சு அன்று. ஆயினும் தொட்ட கையைக் கழுவும் வரை கண்ணிலும் வாயிலும் வைக்காதீர்கள். இது தேடி வந்து கடிக்கும் உயிரி அன்று என்பதை அருகில் வேலை செய்பவர்களுக்கும், குறிப்பாகக் குழந்தைகளுக்கும், அப்போதே சொல்லிவிடுங்கள். நீங்கள் போன பிறகு அடுத்த சிசிலியன் அடிபடாமல் இருக்க அந்தச் சில நிமிடப் பேச்சு உதவும்.

காற்றுத் துளையிட்ட மூடியுள்ள ஒரு பெட்டியில், அதே இடத்து ஈரமண்ணைப் பாதியளவு நிரப்பி, நிழலில் வைத்து, அதில் உயிரியை விடலாம். நீர் நிரப்பிய வாளியில் போடாதீர்கள். இருவாழ்வி என்பதால் எல்லாமே நீந்தி வாழும் என்று கொள்ளக் கூடாது. படம் எடுக்கும் சில நிமிடங்களுக்கு மேல் வைத்திருக்க வேண்டிய தேவை எதுவுமில்லை.

அழகான ஒரே படத்தைவிட, அடையாளத்துக்கு உதவும் நான்கைந்து படங்கள் பயனுள்ளவை. தலையின் பக்கவாட்டுத் தோற்றம் மிக முக்கியம். கண் தெரிகிறதா, உணர்நீட்சித் துளை எங்கே இருக்கிறது என்பவை அதில் பதிய வேண்டும். தலையின் மேற்புறமும் அடிப்புறமும், உடலின் நடுப்பகுதி வளையங்கள் எண்ணத்தக்க தெளிவில், பின்முனை அடிப்புறத்திலிருந்து கழிவுத்துளை தெரியும்படி, பிறகு அருகில் அளவுகோல் வைத்து முழு உடல் என்று எடுங்கள். மண் ஒட்டியிருந்தால் சில துளி நீர் விட்டால் போதும்; தேய்க்க வேண்டாம். ஈரத்தோல் பளபளத்து விவரங்களை மறைக்கும் என்பதால் ஃபிளாஷ் வெளிச்சத்தைத் தவிர்த்து, நிழலில் பகல் வெளிச்சத்தில் எடுங்கள்.

உடலைச் சுருட்டி முட்டைகளின் மேல் படுத்திருக்கும் தாயைக் கண்டால் இவை எதையும் செய்யக் கூடாது. சிசிலியன்களில் தாய் முட்டைகளைச் சுற்றிக் கிடந்து காப்பது பரவலாகக் காணப்படுகிறது. 1880களில் இலங்கையில் ஆய்வு செய்த சராசின் உறவினர்களான பாலும் ஃபிரிட்ஸும், அங்குள்ள இக்தியோஃபிஸ் குளூட்டினோசஸ் தன் முட்டைகளைச் சுற்றிக் காப்பதை விரிவாகப் பதிவு செய்தார்கள். ஆப்பிரிக்காவிலும் தென் அமெரிக்காவிலும் உள்ள சில இனங்களில் குஞ்சுகள் தாயின் கொழுப்பேறிய மேல்தோலைச் சுரண்டித் தின்றே வளர்கின்றன. இத்தனை அக்கறையோடு காக்கும் தாயும், கலைக்கப்பட்டால் முட்டைகளை விட்டுப் போய்விடக்கூடும். இருக்கும் நிலையிலேயே ஒரு படம் எடுத்துக்கொண்டு, பெயர்த்த மண்ணை மெல்ல மூடி, சருகைப் பரப்பிவிட்டு அந்தச் சதுரத்தை அத்துடன் நிறுத்திவிடுங்கள். அப்படிக் கிடைக்கும் ஒரே படமும் அறிவியலுக்கு மிகுந்த மதிப்புள்ளது.

திரும்ப விடுதலும் பதிவும்

முதலில் குழியை நிரப்புங்கள். அடிமண் அடியிலும் மேல்மண் மேலுமாகப் போட்டு, மிதித்து இறுக்காமல், சருகால் மூடுங்கள். உயிரியைக் குழிக்குள் விட்டு மேலே மண்ணைக் கொட்டுவது தவறு. நிரப்பிய மண்ணின் மேல், எடுத்த இடத்திலேயே விட்டால், தலையை நுழைத்துத் தானே உள்ளே போய்விடும். அது முழுவதும் மறையும் வரை அருகில் இருங்கள்; கோழியும் எறும்பும் காத்திருக்கும் தோட்டங்களில் இந்தக் கவனம் அவசியம்.

குறிப்பேட்டில் நாள், நேரம், இடத்தின் ஆயங்கள், கடல்மட்டத்திலிருந்து உயரம், பயிர் அல்லது காட்டின் வகை, எத்தனை அங்குல ஆழத்தில் கிடைத்தது, மண்ணின் நிறமும் ஈரமும், கடைசியாக மழை பெய்த நாள், உடன் இருந்த மண்புழு, கறையான் போன்றவை ஆகியவற்றை அங்கேயே எழுதிவிடுங்கள். மண்ணைப் பற்றிய குறிப்புகளைப் பலர் விட்டுவிடுகிறார்கள். மண்ணிலேயே வாழ்நாளைக் கழிக்கும் ஓர் உயிரியைப் பற்றிய பதிவில் அதுவே பாதி. படங்களை ஐநேச்சுரலிஸ்ட் அல்லது இந்தியப் பல்லுயிர்த் தளத்தில் ஏற்றினால் துறை வல்லுநர்கள் பார்த்து அடையாளத்தை உறுதிப்படுத்தவோ திருத்தவோ முடியும். அவர்கள் திருத்தினால் பதிவையும் உடனே மாற்றிவிடுங்கள்.

வெட்டுப்பட்டோ, மழையிரவில் தோட்டச் சாலையில் வண்டி ஏறியோ இறந்து கிடக்கும் சிசிலியனையும் மேற்சொன்னபடியே படமெடுத்துப் பதிவு செய்யலாம். பல இனங்களின் பரவலை அறிய இத்தகைய பதிவுகள் உதவுகின்றன. உடல் சிதையாமல் இருந்தால், நீங்களாக எடுத்துச் செல்லாமல் வனத்துறைக்குத் தெரிவியுங்கள். இந்திய விலங்கியல் ஆய்வகத்துக்குச் சென்னையிலும் கோழிக்கோட்டிலும் மண்டல மையங்கள் உள்ளன. வனத்துறையின் இசைவோடு அங்கே சேர்ந்தால் அந்த உடல் முறையான மாதிரியாகப் பாதுகாக்கப்படும்.

தோட்டம் உங்களுடையதாயின், தேடுதல் முடிந்த பிறகும் செய்யக்கூடியவை சில உண்டு. மழைக்காலத்தில் எருக்குழியை வெட்டி அள்ளும்போது ஓரத்திலிருந்து கையால் சரித்து எடுக்கச் சொல்லுங்கள். சருகைக் கூட்டி எரிக்காமல் மூடாக்காக மரத்தடியில் விடுங்கள். மக்கும் கட்டைகளில் சிலவற்றையாவது வரப்போரத்தில் கிடக்க விடுங்கள். களைக்கொல்லியும் கறையான் மருந்தும் ஈரத்தோல் வழியே இந்த உயிரிக்குள் நேரே புகக்கூடியவை என்பதால், அவற்றைத் தவிர்க்க முடியாத இடத்திலும், சிசிலியன் கிடைத்த மூலையையாவது ஒதுக்கி வையுங்கள். அந்த மூலையில் ஒரு கல்லை நட்டு அடையாளமிட்டால், வேலைக்கு வருபவர்கள் மாறினாலும் அங்கே மண்வெட்டியை ஓங்கக் கூடாது என்ற செய்தி அவர்களுக்குப் போய்ச் சேரும்.